ஒரு தீர்ப்பின் மறுவிசாரணை

ஒரு படைப்பு வெளியான நாளில் பெறும் தீர்ப்பே அதன் இறுதித் தீர்ப்பாகிவிடுவதில்லை. ஜப்பானின் நின்டெண்டோ நிறுவனம் 2002ஆம் ஆண்டு கேம்கியூப் கருவிக்கென வெளியிட்ட 'சூப்பர் மாரியோ சன்ஷைன்' என்னும் வீடியோ விளையாட்டு இதற்குத் தக்க சான்றாகும்.

1996இல் வந்த 'சூப்பர் மாரியோ 64', தாவிக் குதிக்கும் விளையாட்டை முப்பரிமாண உலகிற்குக் கொண்டுசென்று, பின்வந்தோர்க்கு இலக்கணமாயிற்று. ஆறாண்டுகள் காத்திருந்தோர் அதன் நேர்த் தொடர்ச்சியையே எதிர்பார்த்தனர். கிடைத்ததோ, முதுகில் நீர்ப்பீச்சி சுமந்து தீவின் கறை கழுவும் மாரியோ! பாராட்டியோரும் உண்டு, முகம் சுளித்தோரும் உண்டு. நானும் சுளித்தவனே.

அன்று கூறிய குறைகள் பொய்யல்ல. நெருக்கமான இடங்களில் காட்சிக்கோணம் இடர் செய்கிறது. 120 ஷைன்களில் 24, நீல நாணயங்களைத் தேடிச் சேர்த்தே பெறத்தக்கவை. பத்துக்கு ஒன்றாக 240 நாணயங்கள்! இது வெறும் அலைச்சலே. ஆயினும் கதையை முடிக்க அவை கட்டாயமல்ல என்பதை அன்று நாம் சொல்ல மறந்தோம்.

2020இல் ஸ்விட்ச் கருவிக்கு இது மீண்டும் வந்தபோது என் மகள் விளையாட, அருகிருந்து கண்டேன். முந்தைய விளையாட்டை அவள் அறியாள். "கழுவுறதுதானே வாப்பா விளையாட்டே!" என்றாள். நான் ஒப்பிட்டுக்கொண்டிருந்தேன், அவள் பார்த்துக்கொண்டிருந்தாள்.

நீரின் விசையால் மாரியோ சற்றே அந்தரத்தில் நிற்கிறான். தவறிய தாவலைத் திருத்திக்கொள்ள அவகாசம் கிடைக்கிறது. சில இரகசியக் கட்டங்களிலோ அக்கருவி பறிக்கப்படுகிறது. அப்போதுதான் அது நமக்கு எத்துணை துணையாயிருந்தது என்பது விளங்குகிறது. கொடுத்தும் பறித்தும் கற்பிக்கும் இந்த ஆசிரியத் திறனை அன்று நாம் காணவில்லை. ஓரிடத்தில் நின்றால் அத்தீவின் பிற இடங்கள் தொலைவில் தெரிவதும் புதுமையே. அவை தனித்தனி அரங்குகளல்ல, ஒரே ஊர்.

கதையின் தொடக்கம் இப்போது வேறு பொருள் தருகிறது. ஓய்வுக்கு வந்த மாரியோவின் உருவத்தில் வேறொருவன் தீவெங்கும் கறை பூசுகிறான். நீதிமன்றம் மாரியோவையே குற்றவாளியாக்குகிறது. இளவரசி பீச்சின் ஆட்சேபணையும் தள்ளப்படுகிறது. உருவத்தைக் கண்டு தீர்ப்பளித்த அம்மன்றத்திற்கும், பெயரைக் கண்டு பழைய மாரியோவையே தேடிய நமக்கும் வேற்றுமை என்ன?

இது குறையற்ற படைப்பன்று. ஆனால் தனக்கென ஒரு நோக்கம் கொண்ட படைப்பு. அந்நோக்கத்தை அறிந்த பின்னரே குறைகளை எண்ணத் தொடங்குவதுதான் விமர்சகனுக்கு அழகு.