அதே மழை, வேறு அம்மா

வாலாஜாபாத் பஸ் ஸ்டாண்டில் ஒரகடம் ஷிஃப்டுக்குப் போகிற ஒரு பெண்ணின் கையில் மாத நாவல். எட்டிப் பார்த்தேன் (கெட்ட பழக்கம்தான்!). 'இந்தக் கல்யாணம் நடந்தா என் பொணத்து மேலதான்' என்று ஓர் அம்மா அழுதுகொண்டிருந்தார்.

நம் காதல் நாவல்களில் நான் அதிகம் சந்தித்த அம்மாக்கள் இரண்டே வகை. முதல் அத்தியாயத்திலேயே போட்டோவாகிவிடுவார். அல்லது நெஞ்சைப் பிடித்துக்கொண்டு எதிர்த்து, கடைசி அத்தியாயத்தில் ஆசீர்வாதம் செய்வார். மனுஷியாக வர இடமே இல்லை.

நம் ஊர் மட்டுமல்ல. இந்தோனேசியாவில் 1928-ல் அப்துல் மூயிஸ் எழுதிய 'சாலா அசுஹான்' நாவலில், ஹனாபிக்குக் காதல் கோரி மீது. அம்மாவோ மாமன் மகளைக் கட்டச் சொல்கிறார். ஏன்? பையனைப் படிக்க வைத்தது தாய்மாமன் பணம். கேட்ட கதை மாதிரி இருக்கிறதா? ஆனால், அந்த அம்மாவை வில்லியாக்கிவிட முடியாது. மகன் மனைவியைக் கைவிடும்போது, அவர் நிற்பது மருமகள் பக்கம்.

அம்மா எவ்வளவு முக்கியமான பாத்திரம் என்று தெரிய, ஜெயகாந்தனைப் படியுங்கள். 1966-ல் வந்த 'அக்கினிப் பிரவேசம்' சிறுகதை. மழை நாளில் காரில் ஏறி, பலவந்தத்துக்கு ஆளாகி வீடு வரும் மகளை அம்மா முதலில் அடிக்கிறாள். பிறகு தலையில் தண்ணீர் ஊற்றி, நீ சுத்தமாகிவிட்டாய் என்கிறாள். கதை பெரிய சர்ச்சையானது. பிறகு, 1972-ல் சாகித்ய அகாதமி விருது பெற்ற 'சில நேரங்களில் சில மனிதர்கள்' நாவலில் அதே மழை, அதே கார். அம்மா மட்டும் வேறு. இவள் அலறி ஊரைக் கூட்டிவிடுகிறாள். அண்ணன் விரட்டுகிறான். பல வருஷம் கழித்து கங்கா அந்த பிரபுவையே தேடிப் போகிறாள்.

ஒரு வாளித் தண்ணீருக்கும் ஓர் அலறலுக்கும் நடுவே ஒரு பெண்ணின் முழு வாழ்க்கை! இதைத்தான் நம் காதல் நாவல்கள் எழுதாமல் விடுகின்றன.

ஒரகடத்தில் சம்பாதித்து ஊருக்குப் பணம் அனுப்புகிற பெண், ஒருநாள் போனில் "அம்மா, ஒரு விஷயம்..." என்று இழுப்பாள். அந்தப் பக்கம் வருகிற முதல் வாக்கியம் என்ன? நாவலாசிரியர்களே, அங்கிருந்து ஆரம்பியுங்கள்.

அம்மாக்களே, நீங்களும் கொஞ்சம் யோசித்து வையுங்கள்.