வங்காளப் பஞ்சமும் இரு நாவல்களும்

1943-ஆம் ஆண்டு வங்காளப் பஞ்சத்திற்குக் காரணம் யாது என வினவினால், பாடநூல் வழிவந்த விடை ஒன்று ஆயத்தமாக இருக்கின்றது. 1942 மார்ச்சில் யப்பானியர் இரங்கூனைக் கைப்பற்றினர். பர்மா அரிசி நின்றது. அவ்வாண்டு ஒக்டோபரில் மேதினிப்பூரைப் புயல் தாக்கியது. ஆதலால் உணவில்லை, மக்கள் மாண்டனர். இவ்விடையிலுள்ள செய்திகள் யாவும் உண்மை, முடிவுதான் பிழை.

பர்மா அரிசியை வங்காளத்தினும் பன்மடங்கு நம்பியிருந்தது இலங்கை. 1942-இல் இங்கே கூப்பன் வந்தது. வயிறு நிறையவில்லை, ஆயினும் இலட்சக்கணக்கில் பிணம் விழவில்லை. வங்காளத்தில் விழுந்தது. உட்ஹெட் தலைமையில் அரசே நியமித்த விசாரணைக் குழு 1945-இல் மாண்டோர் 15 இலட்சம் என்றது. பின்வந்த ஆய்வாளர் பலர் 30 இலட்சம் என்பர். பஞ்சமில்லாத 1941-ஐவிட 1943-இல் தானியம் கூடுதலாகவே இருந்ததென அமர்த்தியா சென் 1981-இல் வெளிவந்த தமது நூலில் கணக்கிட்டார். அக்கணக்கை மறுப்போரும் உளர். ஆனால், யுத்தச் செலவால் ஏறிய விலைக்குக் கூலிவிவசாயியின் கூலி ஈடாகவில்லை என்பதை மறுப்பதற்கில்லை.

இவ்வுண்மையைப் பொருளியலாளருக்கு முன்னரே நாவலாசிரியர் ஒருவர் கண்டிருந்தார். விபூதிபூஷண் பந்தோபாத்யாயரின் 'அஷனி சங்கேத்' நாற்பதுகளின் நடுவில் தொடராக வந்து, அவர் மறைந்தபின் 1959-இல் நூலாயிற்று. சத்யஜித் ராய் அதனை 1973-இல் படமாக்கினார். கதையில் வெள்ளமில்லை, வறட்சியில்லை; வயல் பசுமையாகவே இருக்கின்றது. அரிசி விலை மட்டும் ஏறுகின்றது. புரோகிதமும் பள்ளிக்கூடமும் நடத்தி, ஊராரின் அறியாமையில் வாழும் கங்காசரணுக்கு, யப்பானியர் பிடித்த சிங்கப்பூர் எத்திசையிலுள்ளது என்பதே தெளிவில்லை. அந்த யுத்தம் அவன் சோற்றுப்பானைக்குள் கைவிடுகின்றது. பெண்கள் காட்டுக்கிழங்கு தோண்டுகின்றனர். இறுதியில், தோல்தொழில் செய்யும் சாதியைச் சேர்ந்த மோதி பட்டினியால் இறக்கின்றாள். சோறின்றி மனிதர் சாவதை அவ்வூர் அன்றுதான் முதன்முதலாகக் காண்கின்றது. அச்சாவு தீண்டப்படாதவளுக்கே முதலில் நேர்வதைத் தற்செயலென்று நாம் கருதவில்லை.

1947-இல் வெளிவந்த பவானி பட்டாச்சார்யாவின் ஆங்கில நாவல் 'எத்தனை பசிகள்!' வேறுவகையானது. அரிசி வாணிபத்தில் இலாபந் தேடும் தந்தை, மனச்சான்று உறுத்தும் விஞ்ஞானியான மகன், தன்னை விற்கப்போய் இறுதியில் பத்திரிகை விற்கத் துணியும் உழவர்மகள் காஜோலி — யாவும் அதிலுண்டு. நம்மவருட் பலர் இதனையே முற்போக்கு நாவல் என்பர். விபூதிபூஷணரை இயற்கைப் பித்தர் என ஒதுக்குவர். போராளி இல்லையாம்! பட்டாச்சார்யாவின் சினம் நியாயமானதே. ஆனால் அவர் பாத்திரங்கள் ஆசிரியர் அறிந்ததையெல்லாம் தாமும் அறிந்து பேசுகின்றனர். கங்காசரண் ஒன்றும் அறியான். பணமிருந்தும் அரிசியின்றி வெறுங்கையுடன் வீடு திரும்பும் அவனைக் கண்டே சந்தையின் கொடுமையை நாம் உணர்கின்றோம்.

குறையில்லை என்பதன்று. யப்பானியர் கைக்குச் சிக்கலாகாதென 1942-இல் கரையோர மாவட்டங்களில் அரசு படகுகளைப் பறித்ததும், கல்கத்தாத் தொழிற்சாலைகளுக்கு முதலில் அரிசி சென்றதும் விபூதிபூஷணரின் கிராமத்துக்கு எட்டவில்லை. அவற்றுக்கு உட்ஹெட் குழுவின் அறிக்கையையே புரட்டவேண்டும்.