கடிதத்தைத் தபாலில் சேர்ப்பது யார்?

2009 ஜனவரி 7 அன்று, ஐதராபாத்தில் சத்யம் நிறுவனத் தலைவர் ராமலிங்க ராஜு தம் இயக்குநர் குழுவுக்கு ஒரு கடிதம் எழுதினார். கணக்கில் காட்டியிருந்த ரொக்க, வங்கி இருப்பு 5,361 கோடி ரூபாயில் 5,040 கோடி இல்லவே இல்லை என்று அதில் ஒப்புக்கொண்டார். 1,230 கோடி ரூபாய்ப் பொறுப்பு கணக்கில் ஏறவில்லை என்றும் அதே கடிதம் சொன்னது. சொத்து ஊதியிருந்தது, கடன் ஒளிந்திருந்தது. அந்த நிறுவனத்தின் கணக்குகளில் ஆண்டுதோறும் தணிக்கையாளர் கையொப்பம் இருந்தது.

இதற்காகச் சரிபார்ப்பு என்பதே வெறும் சடங்கு என்று சொல்வதை நான் ஏற்கவில்லை. பேரேட்டை மூடிவிட்டு வெளியே போய்ப் பார்ப்பதுதான் அதன் உயிர். 1938-இல் அமெரிக்காவின் மெக்கெசன் அண்ட் ராபின்ஸ் மருந்து நிறுவனம், கனடாவில் இருப்பதாகக் காட்டிய சரக்கு காகிதத்தில் மட்டுமே இருந்தது தெரியவந்தது. கிடங்கை நேரில் பார்க்கும் கட்டாயம் அதுவரை தணிக்கையாளருக்கு இல்லை. சரக்கு எண்ணும்போது உடனிருக்க வேண்டும், கடனாளிகளுக்கு நேரடியாக எழுதிக் கேட்க வேண்டும் என்ற விதிகள் அடுத்த ஆண்டே வந்தன. இன்றும் அவை நிற்கின்றன.

ஆனால் கண்ணும் ஏமாறும். 1963-இல் நியூ ஜெர்சியின் பேயோன் நகரில் எண்ணெய்த் தொட்டிகளைச் சோதிக்க வந்தவர்கள் மேலிருந்து பார்த்தார்கள், எண்ணெய் தெரிந்தது. மேலே மிதந்தது மட்டும்தான் எண்ணெய், அடியில் தண்ணீர்.

சத்யத்தில் பிழை இன்னும் எளிமையானது. வங்கிகளுக்கான உறுதிக் கடிதங்களைத் தணிக்கையாளர்கள் தாங்களே அனுப்பாமல் நிறுவனத்திடமே கொடுத்துவிட்டார்கள். பதில்களும் நிறுவனத்தின் கை வழியாகவே வந்தன. 2011-இல் அமெரிக்க ஒழுங்குமுறை அமைப்புகள் இதைச் சுட்டிக்காட்டித்தான் அபராதம் விதித்தன. யாரைச் சோதிக்கிறோமோ அவரிடமே சாட்சியை அழைத்துவரச் சொன்னால் அது எப்படிச் சரிபார்ப்பாகும்?

சரிபார்ப்பு முறையின் உண்மையான பலவீனம் பொறுப்புகளின் பக்கம்தான் என்பது என் கருத்து. கணக்கில் உள்ள சொத்தைத் தேடிப் போகலாம். கணக்கிலேயே இல்லாத கடனை எங்கே தேடுவது? இதற்கு ஒரு நல்ல வழி உண்டு. ஆண்டுக் கணக்கு முடியும் மார்ச் 31-க்குப் பிறகு பணம் கொடுத்த வவுச்சர்களை ஒவ்வொன்றாகப் புரட்ட வேண்டும். ஏப்ரல் 12-இல் பணம் கொடுத்த பில்லில் சரக்கு வந்த தேதி மார்ச் 27 என்று இருந்தால், அந்தக் கடன் போன ஆண்டின் ஐந்தொகையில் இருந்தாக வேண்டும். சப்ளையர்களுக்கு எழுதும்போதும் பெரிய பாக்கி உள்ளவர்களை மட்டும் பொறுக்குவது வீண். ஆண்டு முழுக்கச் சரக்கு அனுப்பியும் பாக்கி பூஜ்யம் என்று காட்டப்படும் சப்ளையருக்குத்தான் முதலில் எழுத வேண்டும்.

“மறுப்பு இருந்தால் மட்டும் எழுதுங்கள்” என்று கடனாளிகளுக்கு அனுப்பும் கடிதத்தையும் நான் நம்புவதில்லை. பதில் வராததைச் சம்மதமாக எடுத்துக்கொள்கிறோம். இல்லாத கடனாளியிடமிருந்தும் பதில் வராது.

இந்த மார்ச்சில் தணிக்கைக்குப் போகும் இளைஞர்களுக்கு ஒரு வேண்டுகோள்: வங்கிக்கான கடிதத்தை நிறுவனத்தின் கணக்காளர் “நானே அனுப்பிவிடுகிறேன்” என்று அன்போடு கேட்டாலும் கொடுக்காதீர்கள். நீங்களே அனுப்புங்கள். பதில் உங்கள் அலுவலக முகவரிக்கே வரட்டும்.