கால்புருஷின் வாளில் ஒரு புகை

டிசம்பர் பிறந்தால் கல்கத்தாவில் எங்கள் பாலிகஞ்ச் அடுக்ககத்தின் மொட்டை மாடிக்கு ஆறங்குலத் தொலைநோக்கி ஒன்று ஏறும். மேல்மாடி இளைஞன் ஒருவனுடையது அது. கீழ்த்தளத்து மாஷிமா சால்வையோடு வருவார். பிள்ளைகள் மங்கி கேப் மாட்டிக்கொண்டு வரிசையில் நிற்பார்கள். காட்டப்படுவது பெரும்பாலும் ஒன்றுதான். ஓரியன் என்று நாம் பாடப்புத்தகத்தில் படித்தவனை வங்காளிகள் கால்புருஷ் என்பார்கள். அவன் இடைக்கச்சையிலிருந்து தொங்கும் வாளில் இருக்கிற எம்42 நெபுலா. சென்ற குளிர்காலத்தில் ஒரு சிறுமி கண்ணை எடுத்துவிட்டு, "எய்டுக்கு?" என்றாள். இவ்வளவுதானா என்று பொருள்.

அவளைக் குறை சொல்ல வழியில்லை. கைப்பேசியில் அவள் பார்த்த எம்42 செம்பருத்தி நிறம். குழாய்க்குள் தெரிந்ததோ கண்ணாடியில் ஊதிய மூச்சு போன்ற சாம்பல் திட்டு. வங்காளத்தில் நெபுலாவுக்கு நீஹாரிகா என்று பெயர். நீஹாரம் என்றால் பனி, மூடுபனி. ஜனவரிக் கல்கத்தாவில் புகையும் பனியும் கலந்து தொங்கும்போது எந்த நீஹாரத்தைப் பார்க்கிறோம் என்பதே சந்தேகம்தான்.

கண்ணால் நெபுலா பார்ப்பது நானூறு ஆண்டுப் பழக்கம். அதற்கு இன்னமும் ஏதாவது மதிப்பு உண்டா? அந்தக் கேள்வியை அந்தச் சிறுமிதான் எனக்குள் போட்டாள்.

பழக்கத்தின் தொடக்கமே அவ்வளவு நம்பிக்கை தருவதில்லை. 1610-இல் கலிலியோ ஓரியனின் கச்சையையும் வாளையும் நட்சத்திரம் நட்சத்திரமாக வரைந்தார்; நெபுலா அந்தப் படத்தில் இல்லை. அதே ஆண்டின் இறுதியில் பிரான்சின் பெய்ரெஸ்க் அதைக் கண்டார். டச்சு வானியலாளர் ஹைகன்ஸ் 1656-இல் மறுபடி கண்டு, மூன்று ஆண்டு கழித்துப் படத்தோடு வெளியிட்டார். அதன்பின் இருநூறு ஆண்டுகள் அதை வரையாதவர் இல்லை. ஒருவர் படம் இன்னொருவர் படத்தோடு ஒத்துப்போனதும் இல்லை. அயர்லாந்தின் ராஸ் பிரபு 1845-இல் 72 அங்குல ஆடி கொண்ட ராட்சதத் தொலைநோக்கியை நிறுத்தினார். மறு ஆண்டே, எம்42 புகையல்ல, நட்சத்திரக் குவியல்தான் என்ற செய்தி அங்கிருந்து கிளம்பியது. அது தவறு. எம்1 என்ற இன்னொரு நெபுலாவுக்கு நண்டு நெபுலா என்ற பெயர் அவர் 1840-களில் வரைந்த படத்தால் வந்தது. பெரிய ஆடியில் பார்த்தபோது நண்டைக் காணோம், பெயர் மட்டும் தங்கிவிட்டது. கரீனா நெபுலாவின் பழைய படங்களும் புதிய படங்களும் வேறுபட்டதை வைத்து, அந்த நெபுலாவே உருமாறிவிட்டது என்று 1860-களில் டாஸ்மேனியாவின் அபாட் வாதாடினார். மாறியது வரைந்த கைகள்தான்.

இதை மட்டும் படித்தால் பழக்கத்தையே தூக்கிப் போடலாம் போலிருக்கும். 1880 செப்டம்பர் 30 அன்று ஹென்றி டிரேப்பர் 51 நிமிடம் ஒளிபட வைத்து எம்42-ஐ முதன்முதலாகப் புகைப்படம் எடுத்தபோதே வழக்கு முடிந்துவிட்டது என்று பலர் எழுதுகிறார்கள். நான் அப்படி நினைக்கவில்லை. புகைப்படத்துக்கு 16 ஆண்டு முன்பே, மனிதக் கண், நெபுலாவைப் பற்றிய ஆகப்பெரிய கண்டுபிடிப்பைச் செய்துவிட்டது.

1864 ஆகஸ்ட் 29 இரவு ஆங்கில வானியலாளர் வில்லியம் ஹக்கின்ஸ், இன்று பூனைக்கண் என்று பெயர்பெற்ற நெபுலாவின் ஒளியை முப்பட்டகத்தின் வழியே பிரித்துப் பார்த்தார். நட்சத்திரக் கூட்டமானால் வானவில் பட்டை தெரிய வேண்டும். தெரிந்ததோ ஒற்றைப் பச்சைக் கோடு. நட்சத்திரமல்ல, ஒளிரும் வாயு! இருநூறு ஆண்டு ஓவியங்கள் தீர்க்காத வழக்கை ஒரே இரவில் கண் தீர்த்தது. நம் பக்கத்திலும் இது நடந்தது: வானியலாளர் வில்லியம் ஹெர்ஷலின் பேரன், ராணுவப் பொறியாளர் லெப்டினன்ட் ஜான் ஹெர்ஷல், 1868-இல் பெங்களூரிலிருந்து சிறிய தொலைநோக்கியும் நிறமாலைக் கருவியும் கொண்டு தென்வான நெபுலாக்களில் எவை வாயு என்று பிரித்துப் பார்த்தார்.

அதே மனிதக் கண்தான். கேட்ட கேள்வி வேறு. "என்ன வடிவம்?" என்று கேட்டால் மங்கலில் கண் கதை கட்டும், மேகத்தில் யானை பார்ப்பது மாதிரி. "கோடா, பட்டையா?" என்றால் நேராகப் பதில் சொல்லும். "இதைவிட அது பிரகாசமா?" என்றாலும் சொல்லும். அதற்கு வங்காளத்திலேயே சாட்சி உண்டு. ஜெசோர் கருவூலத்தில் வேலை பார்த்த ராதாகோபிந்த சந்திரா, மாறொளி விண்மீன்களை அக்கம்பக்கத்து மீன்களோடு ஒப்பிட்டு ஒளியளவு குறிப்பதை முப்பதாண்டுக்கு மேல் செய்தார். 37,000-க்கும் மேற்பட்ட குறிப்புகள். அமெரிக்க மாறொளி விண்மீன் நோக்கர் சங்கம் 1926-இல் அவருக்கு ஆறங்குலத் தொலைநோக்கி ஒன்றை அனுப்பியது. அது பின்னர் வானியலாளர் வைணு பாப்புவிடம் போய், கடைசியில் நம் காவலூர் வானாய்வகத்துக்கு வந்து சேர்ந்தது. நெபுலா ஓவியர்களில் எத்தனை பேருடைய இரவுகள் இப்படி எண்ணாகி, இன்றும் பயன்படுகின்றன?

"இருக்கிறதா, இல்லையா?" என்பதும் கண்ணுக்கு ஏற்ற கேள்வி. ஆங்கில வானியலாளர் ஹிண்ட் 1852-இல் ரிஷபத்தில் கண்ட சிறு நெபுலா, பத்தாண்டுக்குள் தேடியவர்களுக்கு அகப்படாமல் போனது. இம்முறை மாறியது நெபுலாவேதான்.

அந்தப் பச்சைக் கோட்டுக்கு இன்னொரு கல்கத்தாக் கிளைக்கதை. அது எந்தத் தனிமத்துக்கும் பொருந்தாததால் 'நெபுலியம்' என்று புதுத் தனிமத்தையே கற்பித்தார்கள். 1927-இல் அமெரிக்க இயற்பியலாளர் பொவன், அது இரண்டு எலக்ட்ரான்களை இழந்த ஆக்சிஜன் என்று காட்டினார். வெப்பம் அணுவிடமிருந்து எலக்ட்ரானைப் பறிக்கும் கணக்கை மேகநாத் சாகா 1920-இல் கல்கத்தாவிலிருந்தே எழுதி வெளியிட்டிருந்தார். எனவே நெபுலாவின் புதிரை அவிழ்த்தது சாகா சமன்பாடு என்று மேடையில் பேசுவோர் உண்டு. அது மிகை. அவர் சமன்பாடு வெப்பச் சமநிலையில் உள்ள வாயுவுக்கு. நெபுலாவோ மிக மெலிந்த வாயு, பக்கத்து நட்சத்திரத்தின் புற ஊதா ஒளியால் அயனியாவது. பெருமைக்குரியது அவர் பணி. அதற்கு இந்தக் கடன் தேவையில்லை.  

மாடிக்குத் திரும்புவோம். பெரிய தொலைநோக்கி வாங்கினால் தீரும் என்று அந்த இளைஞனின் அப்பா நினைக்கிறார். தீராது. பரந்த மங்கல் பொருளைத் தொலைநோக்கி பெரிதாக்கும். அதன் பரப்புப் பிரகாசத்தை வெறுங்கண்ணில் உள்ளதைவிடக் கூட்டாது. வானம் வெளுத்திருந்தால் பெரிய குழாய் வெளுப்பையும் சேர்த்தே பெரிதாக்கும். சோடியம் விளக்குகளின் மஞ்சளை வெட்டி, அந்தப் பச்சைக் கோட்டை மட்டும் விடும் வடிகட்டிகள் கிடைக்கின்றன. ஆனால் கல்கத்தா தெருக்களில் வெள்ளை எல்.இ.டி. பெருகப் பெருக, அவற்றின் ஒளி எல்லா நிறத்திலும் பரவுவதால், வடிகட்டியின் கை கட்டுப்படுகிறது. லகூன், கழுகு போன்ற நெபுலாக்கள் முன்னிரவில் உச்சிக்கு வருவது ஆடி ஆவணியில். அப்போது இங்கே வானம் என்பதே மழைதான்.

இவ்வளவுக்கும் பிறகு, சிறுமி பார்த்த சாம்பல் நிறம் கண்ணின் தோல்வி மட்டும் அல்ல. இருட்டில் வேலை செய்யும் விழித்திரைச் செல்களுக்கு நிறம் தெரியாது. ஹைட்ரஜனின் சிவப்பு அவற்றுக்கு அநேகமாக இருட்டு. ஆனால் அவை மிக நன்றாக உணரும் அலைநீளம், ஆக்சிஜனின் அந்தப் பச்சைக் கோட்டுக்கு வெகு அருகில். கேமராவோ சிவப்பை அள்ளுகிறது. பிறகு மனிதர்கள் நிறம் மாற்றுகிறார்கள்: 1995-இல் வந்த ஹபிள் விண்வெளித் தொலைநோக்கியின் 'படைப்பின் தூண்கள்' படத்தில் ஹைட்ரஜனின் சிவப்புக்குப் பச்சை கொடுக்கப்பட்டது. ஆய்வாளருக்கு அது வரைபடம். மாடிக்கு வரும் பிள்ளைக்கு அது வாக்குறுதி.

நாம் காட்டும் முறையில்தான் எனக்கு மனத்தாங்கல். ஒரு தலைக்குப் பத்து வினாடி. கண் இருளுக்குப் பழக இருபது நிமிடமாவது வேண்டும். கைப்பேசித் திரையை மூடச் சொல்ல யாருக்கும் துணிவில்லை. "அழகா இருக்கா?" என்று கேட்கிறார்கள். நடுவில் எத்தனை நட்சத்திரம் என்று கேட்டால் பிள்ளை நான்கை எண்ணியிருப்பாள். வடிகட்டியைக் கண்ணுக்கு முன் வைத்து எடுத்து, எது மங்குகிறது, எது மங்கவில்லை என்று கேட்டால், நட்சத்திரங்கள் ஒடுங்கிப் புகை மட்டும் நிற்பதைப் பார்த்து ஹக்கின்ஸின் இரவைத் தானே கொஞ்சம் நடத்தியிருப்பாள்.

கரீனா நெபுலா இங்கிருந்து அடிவானத்துக்கு 8 பாகை மேலே வருவதே அதிகம். எதிர்க் கட்டடத்தின் தண்ணீர்த்தொட்டி அதைவிட உயரம். கன்னியாகுமரியில் 22 பாகை. ஏப்ரல் விடுமுறைக்கு ஊருக்குப் போகும்போது பைனாகுலர் எடுத்துப் போகிறேன். எத்தனை இருட்டுத் திட்டுகள் அதற்குள் தெரிகின்றன என்று எண்ண வேண்டும்.