அரசில்லா நிலவில் அதிகாரம்

உர்சுலா லெ குவினின் 'தி டிஸ்பொசஸ்ட்' (1974) புதினத்தை அரசற்ற சமூகத்தின் கனவாக மட்டும் வாசிப்பது போதாது. அனாரஸ் நிலவில் சட்டமோ சிறையோ தனியுடைமையோ இல்லை, அதிகாரம் உண்டு. ஷெவெக் என்னும் இளம் இயற்பியலாளனின் நூல் அச்சேற, மூத்தவரான சாபுலின் பெயரும் ஆசிரியராக இடம்பெற வேண்டியுள்ளது. (ஆய்வுலகிற்கு இது அயல்கோள் செய்தியன்று.) நாடகம் எழுதிய டிரின் பொதுக் கண்டனத்துக்கு ஆளாகி, இறுதியில் மனநலக் காப்பகம் சேர்கிறான். இவற்றை எந்தச் சட்டமும் விதிக்கவில்லை. அண்டை அயலாரின் முகச்சுளிப்பே போதுமானதாயிற்று. யூராஸ் கோளின் முதலாளிய அரசு கிளர்ச்சியாளரைச் சுட்டு வீழ்த்துகிறது. அங்கு எதிரி கண்ணுக்குத் தெரிகிறான். அனாரஸில் எதிரி ஒவ்வொருவரின் கூச்சத்திலும் குடியிருக்கிறான். ஆதலின் ஷெவெக்கும் நண்பர்களும் அங்கு எவரையும் கவிழ்க்க முற்படவில்லை. தாமே அச்சிடுவதற்கு ஒரு குழுவைத் தொடங்குகின்றனர்.