புயலும் காலமும்: பாரதியின் ‘ஊழிக்கூத்து’, ‘புயற்காற்று’, ‘பிழைத்த தென்னந்தோப்பு’ ஆகியவற்றை முன்வைத்து

ஆய்வுச்சுருக்கம்

பேரழிவுக் காற்று காலத்தின் ஒழுங்கைக் குலைக்கும் என்னும் எண்ணம் பாரதியின் கவிதைகளில் இரு வேறு நிலைகளில் அமைந்துள்ளது. ‘ஊழிக்கூத்’தில் காலமே அழிகிறது. புதுச்சேரிப் புயலைப் பாடிய இரு கவிதைகளிலோ காலம் அழியாமல் பிளவுபடுகிறது. இவ்வேறுபாட்டைக் கருதாமல் புயற்பாடல்களைச் சக்தி வழிபாட்டின் நீட்சியாக மட்டும் வாசிப்பது குறையுடையது என்பதை இக்கட்டுரை நிறுவ முயல்கிறது.

திறவுச்சொற்கள்: பாரதி, புதுச்சேரி, புயல், ஊழி, காலம்

முன்னுரை

‘ஊழி’ என்னும் சொல் நெடிய காலப்பகுதியையும் அக்காலத்தின் அழிவையும் ஒருங்கே குறிக்கும். காலத்தை அளக்கும் சொல்லே அதன் முடிவையும் சுட்டுவது தமிழ் மரபின் தனித்தன்மைகளுள் ஒன்று. விசும்பு, வளி, தீ, நீர், நிலம் என ஒன்றிலிருந்து ஒன்று தோன்றும் ஊழிகளைப் பரிபாடலின் இரண்டாம் பாடல் வரிசைப்படுத்துகிறது. அவ்வரிசையில் காற்றும் ஓர் ஊழிக்குரியது. இம்மரபை உள்வாங்கிய பாரதி, 1908 முதல் 1918 வரை புதுச்சேரியில் வாழ்ந்தவர். அங்கு வீசிய பெரும்புயலை நேரில் கண்டவர். மரபு தந்த ஊழியும் கண்முன் வீசிய புயலும் அவர் கவிதையில் எவ்வாறு வேறுபடுகின்றன என்பதே இங்கு எழும் வினா.

காலம் அழியும் கூத்து

‘ஊழிக்கூத்’தில் பூதங்கள் தம் வேற்றுமை கெட்டு ஒன்றாகின்றன; வெறும் வெளியும் நிலைகுலைகிறது. இறுதியில் மூவுலகங்களோடு காலமும் வேரற்றுப் போகிறது. எஞ்சுவது இறைவனின் மோன ஒளி மட்டுமே. சிவனைக் கண்ட அன்னையின் சினம் நீங்க, அழிவுக்கூத்து ஆனந்தக்கூத்தாகிறது. இக்கவிதையில் வீடில்லை, ஊரில்லை, பிழைத்தவர் எவருமில்லை. கூத்தைக் காணும்படி ஈர்க்கப்பட்ட ‘நான்’ ஒன்று உண்டு. அதற்கும் இழப்பதற்கென ஒரு பொருளுமில்லை. ஆதலால் பேரழிவு இங்கே அச்சத்தைக் கடந்து வியப்பாகிறது. காலம் முற்றும் அழிந்த இடத்தில் துயரத்திற்கு இடமில்லை; துயருற ‘நேற்று’ என ஒன்று வேண்டும்.

காலம் பிளவுபடும் இரவு

‘புயற்காற்’றின் தலைப்புக் குறிப்பு அதை நள வருடம், கார்த்திகை மாதம் 8ஆம் நாள், புதன்கிழமை இரவு என வரையறுக்கிறது. இது 1916 நவம்பர் 22 ஆகும். ஊழியைப் பாடியபோது நாளும் கிழமையும் வேண்டாதிருந்த கவிஞர், இப்புயலுக்கு அவற்றைத் தலைப்பிலேயே தருகிறார். கவிதை கணவனும் மனைவியும் பேசும் உரையாடலாக அமைகிறது. கடல் குமுறலும், வீட்டினுள் புகும் மழையும், சினந்த வானும் அவர்கள் பேச்சில் இடம்பெறுகின்றன.

இவ்வுரையாடலின் உச்சம், முந்தைய நாள் தாங்கள் இருந்த வேறொரு வீட்டை மனைவி நினைவுகூரும் இடமாகும். இந்நேரத்தில் அவ்வீட்டில் இருந்திருந்தால் என்னவாகியிருக்கும் என்று அவள் கேட்கிறாள். ஒரே இரவு இங்கு இரண்டாகப் பிளக்கிறது: ஒன்று நிகழ்ந்த இரவு, மற்றொன்று நிகழ்ந்திருக்கக்கூடிய இரவு. இரண்டுக்கும் இடைப்பட்ட தொலைவு ஒரு நாள் மட்டுமே. ஊழியில் காலத்தைக் காளி அழிக்கிறாள். இங்கு, உயிர் தப்பிய மனம் காலத்தைப் பிளந்து பார்க்கிறது.

தங்களைக் காத்தது தெய்வ வலிமை என்னும் அவளது முடிவு வினாவுக்குரியது. அந்த மற்றொரு வீட்டில் அன்றிரவு வேறெவரேனும் இருந்திருப்பின் அவர்களைக் காக்காதது எது? கவிதை இதற்கு விடை கூறவில்லை. எனினும் அக்கூற்றைக் கவிஞரின் கொள்கையாகக் கொள்ளாமல், அஞ்சிய ஒரு பெண்ணின் குரலாகக் கொள்ள உரையாடல் வடிவம் இடமளிக்கிறது.

புயலுக்குப் பிந்தைய நாள்

விடுபட்ட அவ்வினாவின் நிழல் ‘பிழைத்த தென்னந்தோப்’பில் விழுகிறது. உரையாடல் மறைந்து, ஆறுதல் தேடித் தனியே வந்த ஒருவரின் குரல் மட்டும் கேட்கிறது. நாடெங்கும் வீழ்ந்த மரங்கள் கணக்கிலடங்கா. சிறு திட்டையில் நின்ற தோப்பிலோ வீழ்ந்தவை சில, எஞ்சியவை பல எனக் கணக்கு மீண்டும் தொடங்குகிறது. எண்ண முடிவதே காலம் இயல்புக்குத் திரும்பியதன் அடையாளம். அத்தோப்பு ஒரு வறியவனின் உடைமை. அது வாழ்ந்திருக்கவே வாயு அதனை விட்டுவைத்தான் என்று கவிதை கூறுகிறதேயன்றி, அவ்வறியவன் அதற்குத் தகுதி பெற்றவன் என்று கூறவில்லை. பிழைத்தல் இங்கு பரிசாக அன்றி, தொடர வேண்டிய வாழ்வாகவே காட்டப்படுகிறது. கவிதையில் நிலைக்கும் இன்பத்தை அவர் அறிவதும் நின்ற மரங்களின் சிறு நிழலில்தான். ‘ஊழிக்கூத்’தின் ஆனந்தம் அனைத்தும் அழிந்தபின் வருவது, இவ்வின்பமோ எஞ்சிய ஒன்றைச் சார்ந்து பிறப்பது.

நிலமும் வாசிப்பும்

புதுச்சேரி நகரின் தெற்கே, உப்பு விளைந்த நிலத்தைப் பெயரிலேயே தாங்கி நிற்கும் உப்பளம் போன்ற கடலோரப் பகுதிகளுக்குப் புயல் ஒரு படிமம் அன்று. 2011 டிசம்பர் 30இல் புதுச்சேரிக்கும் கடலூருக்கும் இடையே கரையைக் கடந்த ‘தானே’யும், 2024 நவம்பர் 30இல் புதுச்சேரி அருகே கரையைக் கடந்த ‘ஃபெஞ்சல்’ புயலும் அண்மைச் சான்றுகள். பிறப்பையும் திருமணத்தையும் ‘புயலுக்கு முன், புயலுக்குப் பின்’ எனக் கணக்கிடும் வழக்கில், பேரழிவே நாட்காட்டியாகிறது. பாரதியின் தலைப்புக் குறிப்பு இவ்வழக்கோடு நெருங்கிய உறவுடையது. அக்குறிப்பை நீக்கிப் பதிப்பித்தால், ஒரு குறிப்பிட்ட இரவின் அச்சம் பொதுவான இயற்கை வருணனையாகச் சுருங்கிவிடும்.

முடிவுரை

‘ஊழிக்கூத்து’ காலத்தின் முடிவைப் பாடுகிறது. புதுச்சேரிக் கவிதைகள் இரண்டும் காலம் முடியாமற்போனதைப் பாடுகின்றன. முன்னதில் கேள்வி கேட்க எவரும் எஞ்சுவதில்லை. பின்னவற்றில் எஞ்சியோர் உளர். ஆதலால், தாம் ஏன் எஞ்சினோம் என்னும் வினாவும் எஞ்சுகிறது. அவ்வினாவைத் தெய்வத்தின் பெயரால் விரைந்து மூடிவிடாமல் வாசிப்பதே இக்கவிதைகளுக்குச் செய்யும் நீதியாகும்.