ரெய்னி ஆஸ்பத்திரியும் கன்னியர் மடங்களும்

வடசென்னையில் 'ரெய்னி ஆஸ்பத்திரி' என்றால் யாரும் வழி கேட்பதில்லை. அந்தப் பெயருக்குரியவர் கிறிஸ்டினா ரெய்னி. மருத்துவர் அல்லர்; ஸ்காட்லாந்தின் ஃப்ரீ சர்ச் மிஷனில் பெண்களுக்கான பணிகளைக் கவனித்தவர். மணம் செய்துகொள்ளாதவர். 1888-இல் மெட்ராஸுக்கு வந்து சிறிய மருந்தகமாக இந்தப் பணியைத் தொடங்கிய டாக்டர் மட்டில்டா மெக்ஃபெயிலும் அப்படியே. 1914-இல் அது ராயபுரத்தில் முழு மருத்துவமனையாக எழுந்தது.

இவர்கள் கன்னியாஸ்திரீகள் அல்லர், பிரஸ்பிட்டேரியன் சபையார். ஆனாலும் ஒரு பெண் தனியாகக் கடல் கடந்து வேலைக்குப் போகலாம், அதைச் சமூகம் மரியாதையோடு பார்க்கலாம் என்ற நிலை வருவதற்கு முன்னால், இங்கிலாந்தில் நாற்பது ஆண்டுப் போராட்டம் ஒன்று நடந்திருந்தது. அதில் ஆங்கிலிக்கன் கன்னியர் மடங்களின் பங்கு பெரிது. ராயபுரத்தைப் புரிந்துகொள்ள அங்கிருந்து தொடங்குவதே சரி.

எட்டாம் ஹென்றி மடங்களைக் கலைத்து முந்நூறு ஆண்டுகள் கழித்து, 1845-இல் லண்டனில் முதல் ஆங்கிலிக்கன் சகோதரிகள் சங்கம் உருவானது. 1848-இல் லிடியா செலன் டெவன்போர்ட்டில் ஒன்றைத் தொடங்கினார். அதே ஆண்டில் வான்டேஜ், 1852-இல் கிளூவர். நடுத்தரக் குடும்பத்து முதிர்கன்னிக்கு அன்று இருந்த வழிகள் இரண்டு: பிறர் குழந்தைகளுக்குப் பாடம் சொல்லிக் கொடுப்பது, அல்லது அண்ணன் வீட்டில் அண்டிக் கிடப்பது. மடத்தில் அவள் கணக்கு எழுதினாள், மருத்துவமனை நடத்தினாள், தலைவியைத் தேர்ந்தெடுக்க வாக்களித்தாள். நாடாளுமன்றத்துக்கு வாக்களிக்கும் உரிமை அவளுக்கு அப்போது கனவிலும் கிடையாது. 1857-இல் லூயிஸ் நகரில் ஒரு சகோதரியின் அடக்க ஆராதனையிலேயே கும்பல் புகுந்து தாக்கியது. கத்தோலிக்க வெறுப்பு ஒரு காரணம். மகள் தகப்பன் சொல்லை மீறிப் போய்விட்டாள் என்ற ஆத்திரம் அதைவிடப் பெரிய காரணம் என்பது என் எண்ணம்.

இந்த மடங்களைப் பற்றிய ஆய்வுகளில் ஆல்சின் 1958-இல் எழுதிய நூல் சபை வரலாறாகவே நின்றது. 1985-இல் மார்த்தா விசினஸ் இதைப் பெண்கள் வரலாற்றுக்குள் கொண்டுவந்தார். 1999-இல் வந்த சூசன் மம்மின் நூல்தான் இன்றும் அடித்தளம். 1900-க்குள் தொண்ணூறு சங்கங்கள், அவற்றின் வழியே போய்வந்த பெண்கள் ஏறத்தாழ 10,000 பேர் என்பது அவர் கணக்கு. மடத்துக்குள்ளும் மேல் கீழ் இருந்தது: பாடகர் குழுச் சகோதரிகள் சீமாட்டிகள், அடுப்படியும் துணி துவைப்பும் ஏழை வீட்டிலிருந்து வந்த சகோதரிகளுக்கு.

அந்த மேல் கீழ் இனத்தோடு சேர்ந்தபோது என்ன ஆயிற்று என்பதற்குச் சமூகச் சீர்திருத்தவாதி பண்டித ரமாபாயைவிடச் சிறந்த சாட்சி கிடையாது. அவருடைய பெற்றோரும் அக்காளும் மாண்டது 1870-களில் சென்னை மாகாணத்துப் பஞ்சத்தில். ஊர் ஊராகப் புராணம் படித்துப் பிழைத்த குடும்பம் அது. 1883-இல் ரமாபாய் இங்கிலாந்துக்கு, வான்டேஜ் சகோதரிகளிடம் போனார். அங்கேயே மகள் மனோரமாவோடு ஞானஸ்நானம் பெற்றார். மருத்துவம் படிக்கும் ஆசை செவிக் குறைவால் நின்றுபோனது. பின்னர் அவர் இருந்த செல்டனாமில் ஆண் மாணவருக்கும் பாடம் நடத்தலாமா என்று பேச்சு வந்தபோது ஆயர்கள் மறுத்தனர். இந்தியாவில் அவர் பெயர் கெட்டுவிடும் என்றனர். ஊர் ஊராக ஆண்கள் நிறைந்த அவைகளில் பேசிய பெண்ணிடம் இதைச் சொன்னார்கள்! தாம் அணியும் சிலுவையில் லத்தீன் எழுத்து ஏன், சமஸ்கிருதம் கூடாதா என்று அவர் கேட்டார். தம் 'ஆன்மிகத் தாய்' சிஸ்டர் ஜெரால்டினோடு நடத்திய கடித வாதங்களில் பணிவும் உண்டு, பிடிவாதமும் உண்டு. அன்டாய்நெட் பர்ட்டன், உமா சக்கரவர்த்தி, மீரா கோசாம்பி மூவரும் ரமாபாயை ஆழமாக வாசித்திருக்கிறார்கள். 1889-இல் பம்பாயில் விதவைகளுக்காக அவர் தொடங்கிய சாரதா சதனம் வான்டேஜின் கிளையாக இல்லாமல் அவருடையதாகவே இருந்தது.

தமிழ்நாட்டில் இத்தகைய மடத்துக்கு நெருங்கியது தோனாவூர். மிஷனரி ஏமி கார்மைக்கேல் 1916-இல் அங்கே மணமாகாத பெண்களுக்கென ஒரு சகோதரிகள் குழுவை அமைத்தார். அவருக்கு வலது கையாக இருந்த பொன்னம்மாள் ஒரு விதவை. ஓராண்டுக்கு முன்பே இறந்துவிட்டார். ஏமியைப் பற்றி அலமாரி நிறையப் புத்தகங்கள். பொன்னம்மாளை அறிய ஏமி எழுதியதையே புரட்ட வேண்டும். எலிசா கென்ட் 2004-இல் தென்னிந்தியக் கிறிஸ்தவப் பெண்களைப் பற்றி எழுதிய நூல் அந்தக் குறையைக் கொஞ்சம் நிரப்பியது. ஆனால் அது ராயபுரத்தின் துறைமுகத் தெருக்களுக்கு வரவில்லை.

ராயபுரத்தில் 'மிஸ்ஸியம்மா' எனப்பட்ட மிஷன் பெண்ணுக்குப் பக்கத்தில் நின்று மருந்து கலக்கியவர், பிரசவ வேதனையில் கத்தியவளின் கையைப் பிடித்துக்கொண்டவர், வீடு வீடாக வேதம் வாசித்த பைபிள் உமன் எல்லாரும் தமிழ்ப் பெண்கள். மிஷன் அறிக்கைகளில் வெள்ளைக்காரப் பெண்ணுக்கு முழுப்பெயர் இருக்கும், இவர்களுக்குப் பல இடங்களில் 'உள்ளூர் உதவியாளர்' என்பதோடு சரி. இவர்களின் பெயர்களைத் தேடுவதே இத்துறை அடுத்துச் செய்ய வேண்டிய வேலை. பிரிட்டனின் ஆவணக் காப்பகத்தில் உட்கார்ந்து அதை முடிக்க முடியாது.

ராயபுரம், காசிமேடு, திருவொற்றியூர், எண்ணூர்ப் பக்கத்தில் பாட்டியோ பெரியம்மாவோ அந்தக் காலத்தில் நர்சாகவோ பைபிள் உமனாகவோ இருந்த குடும்பங்கள் இதை வாசித்தால், டிரங்குப் பெட்டியில் கிடக்கும் சான்றிதழையும் குழுப் புகைப்படத்தையும் தயவுசெய்து எடைக்குப் போட்டுவிடாதீர்கள். புகைப்படத்தின் பின்புறம் நிற்பவர்களின் பெயரைப் பென்சிலால் எழுதி வையுங்கள்.